பிரேசிலில் ஓர் அடுக்களை

அமிர்தா பேய்ப்படம் பார்ப்பது மத்தியானம் இரண்டு மணிக்கு. அதற்கு அவளைக் குற்றம் சொல்ல முடியாது. காலையிலும் சாயங்காலமும் பாறசாலை ட்யூஷன் சென்டரில் எட்டாம் வகுப்புப் பிள்ளைகளோடு இங்கிலீஷ் இலக்கணத்தில் மல்லுக்கட்ட வேண்டும். ராத்திரி ஒன்பதரை ஆனால் அம்மா அம்மிணி வீட்டிலுள்ள எல்லாப் போன்களையும் பிடுங்கி, அரிசிப் பானைக்குப் பக்கத்தில் வரிசையாக அடுக்கிவிடுவாள். மிச்சம் இருந்தது மத்தியானம்தான். மத்தியானத்தில் பேய்க்கு ஏற்ற இருட்டுக்கு எங்கே போவது? அதற்குப் புகைப்புரை இருந்தது.

ரப்பர் ஷீட்டுக்குப் புகை போடும் அந்தச் சின்ன அறைக்கு ஜன்னல் கிடையாது. கொடிகளில் ஷீட்டுகள் உரித்த தோல் மாதிரித் தொங்கும். வீட்டு முன்வாசலில் நின்றால் போன் கேரளத்து டவரைப் பிடிக்கும். கிணற்றடிக்குப் போனால் தமிழ்நாட்டு டவருக்குத் தாவும். இரண்டு டவர்களும் தோளில் கைபோட்டுக்கொண்டு நின்ற ஒரே இடம் புகைப்புரை. அமிர்தா கவிழ்த்துப் போட்ட வாளியின் மேல் உட்கார்ந்து, காதில் இயர்போனைச் செருகினால், அடுத்த ஒன்றரை மணி நேரத்துக்கு இந்த ஊரில் இருக்கமாட்டாள்.

ஊரில் இல்லாமல் இருப்பது அவளுக்கு நல்ல பழக்கம். வாசகசாலையில் இருந்த மொழிபெயர்ப்பு நாவல்களில் தமிழில் பாதியும் மலையாளத்தில் பாதியுமாக எல்லாவற்றையும் படித்துத் தீர்த்தவள் அவள். பஸ்ஸுக்குக் காத்து நிற்கும்போது, பனி மூடிய ரயில் நிலையத்தில் நிற்பதாக நினைத்துக்கொள்வாள். கப்பைக்கிழங்கு வேகும் வாசனை வந்தால், தூரத்து மலைக் கிராமத்தில் ஒரு விதவை சமைப்பதாகத் தோன்றும். படங்களிலும் அவளுக்கு அப்படிப்பட்டவைதான் பிடிக்கும். யாரோ நாலு பேர் கடன் வாங்கி, ஒரு பழைய வீட்டில் பதினைந்து நாள் அடைந்துகிடந்து எடுத்த படங்கள். அவற்றில் ரத்தம் தெறிக்காது, பேய் வராது. ஒரு நாற்காலி இருக்கும். கொஞ்ச நேரம் கழித்துப் பார்த்தால் நாற்காலி சற்றே நகர்ந்திருக்கும். அவ்வளவுதான். அமிர்தாவுக்கு அது போதும், மயிர்க்கால் குத்திட்டு நிற்கும்.

அந்தப் படங்கள் வாழ்ந்த தளத்துக்கு நிரந்தரமான பெயர் கிடையாது. வாரத்துக்கு ஒருமுறை அரசாங்கம் அதன் கதவை அடைக்கும். அது பெயருக்குப் பின்னால் ஓர் எண்ணை ஒட்டிக்கொண்டு அடுத்த சந்தில் கடை திறக்கும். படத்தை ஒருமுறை அழுத்தினால் ரம்மி விளம்பரம் வரும். இரண்டாவது அழுத்தலில் முடி வளர்க்கும் எண்ணெய். மூன்றாவதில், உங்கள் போனுக்கு ஏழு வைரஸ் பிடித்திருக்கிறது என்று ஒரு சிவப்பு எச்சரிக்கை. நாலாவது அழுத்தலில்தான் படம். திருட்டு என்று அவளுக்குத் தெரியும். பாறசாலையில் எந்தக் கடையில் விற்கிறார்கள் என்று சொன்னால் வாங்கிப் பார்க்க மாட்டேனா என்று தன் மனசாட்சியிடம் கேட்பாள். மனசாட்சிக்கும் அந்தக் கடை தெரியாது.

ஒரே ஒரு குறைதான். படம் முடிந்து திரை கறுத்ததும் அமிர்தா தன்னை அறியாமல் பக்கத்தில் திரும்பிப் பார்ப்பாள். 'பாத்தியா?' என்று கேட்க ஒரு முகம் வேண்டும். ரப்பர் ஷீட்தான் தொங்கும்.

அந்த முகத்தைத் தேடித்தான் அவள் வாசகசாலைத் தலைவர் ஞானசம்பந்தத்திடம் போனாள். அவருடைய முன்னோர்கள் திருவிதாங்கூர் மகாராஜாவின் ஆபீஸ்களில் பேனா பிடித்தவர்கள். அவர் நெய்யாற்றின்கரை கோர்ட்டில் வக்கீல். நிபந்தனை இல்லாமல் ஒரு டம்ளர் தண்ணீருக்குக்கூடச் சம்மதிக்காத மனிதர்.

"மாசத்துல ஒரு ஞாயிறு கூடத்தத் தாங்க சார். படம் போடலாம்."

"என்ன படம்?"

"பேய்ப்படம். ஆனா பேய் வராது."

"பேய் வராத பேய்ப்படமா?"

"வந்துருமோன்னு இருக்கும் சார்."

ஞானசம்பந்தம் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "வராத ஆளுக்காக இங்க ஆரு வந்து இருப்பாவ?"

ஞாயிற்றுக்கிழமைகளில் அந்தக் கூடம் கேரம் ஆட்டக்காரர்களின் ராஜ்ஜியம். அவர்களுக்குத் தலைவன் பைக் மெக்கானிக் ஸ்ரீஜித். அப்போதும் அவன் பலகையில் பவுடரைத் தூவிக்கொண்டு, காதை இந்தப் பக்கம் நீட்டியிருந்தான். அவனையும் ஒரு பார்வை பார்த்துவிட்டு ஞானசம்பந்தம் தீர்ப்புச் சொன்னார். சோதனைக்கு ஒரு ஞாயிறு தரலாம். முதலிலிருந்து கடைசிவரை இருபது பேர் உட்கார்ந்து பார்த்தால் மாதாமாதம் ஒரு ஞாயிறு அமிர்தாவுக்கு. பத்தொன்பது என்றால் இனிமேல் அந்தப் பேச்சை எடுக்கக்கூடாது. ஆளை அவரே எண்ணுவார்.

"வேறொண்ணும் உண்டு. படம் எடுத்தவனுக்க கையெழுத்து வேணும். திருட்டுப்படம் வாசகசாலையில ஓடாது, கேட்டியா?"

"கேட்டு எழுதியிருக்கேன் சார்" என்றாள் அமிர்தா. அந்த நொடிவரை எழுதியிருக்கவில்லை.

"சேச்சி" என்று ஸ்ரீஜித் கூப்பிட்டான். "நாங்க போர்டை எடுத்தோண்டு பக்கத்து ரூமுல இருக்கோம். ஆளுவ எழும்பி ஓடும்பம் வாசல் நெருக்கும். ஒவ்வொருத்தரா அனுப்புங்க, என்னா?"

எந்தப் படம் என்பதில் அமிர்தாவுக்குச் சந்தேகமே இல்லை. போன மழைக்காலத்தில் பார்த்த ஒரு பிரேசில் படம். தளத்தில் அதற்குப் பெயர்கூட ஒழுங்காக இல்லை, வெறும் எண்களும் எழுத்துகளும். கறுப்பு வெள்ளை. கடற்கரையில் ஒரு வீடு. உள்ளே ஒரு பெண். கடலில் போன கணவன் திரும்பவில்லை. தினமும் காலையில் அடுக்களைத் தரையில் ஈரக் கால்தடங்கள் இருக்கும். அவள் துடைப்பாள். மறுநாள் தடங்கள் இன்னும் ஓரடி உள்ளே வந்திருக்கும். படத்தில் பேசுகிற எல்லோருக்கும் ஒரே ஆண் குரல்தான். யாரோ ஒருவன் தூக்கக் கலக்கத்தில் எல்லா வசனத்தையும் தன் மொழியில் படித்து மேலே ஒட்டியிருந்தான். அது போர்த்துகீசிய மொழி என்று அமிர்தா முடிவுசெய்தாள். சுவரில் சிலுவை, வெளியே தென்னை, தூரத்தில் வள்ளங்கள். வேறு எங்கே இருக்க முடியும்? பிரேசில்தான்.

படத்துக்கு அவளே 'கடல் தின்ற வீடு' என்று பெயர் வைத்தாள். அந்தப் பெண்ணின் முகம் தெரியும் ஒரு காட்சியை எடுத்து ஐம்பது நோட்டீஸ் அடித்தாள். கீழே நாலு வரி எழுதினாள்: 'பிரேசில் நாட்டுக் கடலோர மக்களின் ஆதி நம்பிக்கைகளைச் சொல்லும் படம். மீனின் தலையைக் கல்லில் மூன்று முறை தட்டி மூதாதையரை அழைக்கும் சடங்கு, காண்போரை உறைய வைக்கும்.'

நோட்டீஸ் பஸ் ஸ்டாப்பிலும் சாயாக்கடையிலும் ஏறியது. இணையத்தில் கிடைத்த பிரேசில் சினிமா விலாசங்களுக்கு அவள் அனுப்பிய மூன்று ஈமெயில்களுக்கு மட்டும் பதில் இல்லை. ஒன்று போன வேகத்திலேயே திரும்பி வந்தது. ஞாயிறுக்கு மூன்றே நாள் இருக்கையில், வியாழக்கிழமை காலை, ஆனந்தபாய் மீன் கொண்டுவந்தாள்.

ஆனந்தபாய் பொழியூர்க்காரி. இரண்டு வருஷமாக ஸ்கூட்டரின் பின்னால் ஐஸ்பெட்டியைக் கட்டிக்கொண்டு இந்தப் பக்கமெல்லாம் மீன் விற்கிறாள். எந்த வீட்டு வாசலிலும் ஹெல்மெட்டைக் கழற்றமாட்டாள். கழற்றி மாட்டும் நேரத்தில் இன்னொரு வீட்டில் விற்றுவிடலாம் என்பது அவள் கொள்கை. அதனால் அவள் மூக்கையும் வாயையும் தவிர வேறெதையும் அமிர்தா பார்த்ததில்லை.

"சாளை நல்லதா?" என்றாள் அம்மிணி.

"காலத்த நாலு மணிக்கு கடலுல நீந்திட்டு நின்னதாக்கும். நீங்க தொட்டா இப்பமும் நீந்தும்."

அம்மிணி மீனைக் கொட்ட ஒரு காகிதம் தேடினாள். கைக்கு அகப்பட்டது மிஞ்சிய நோட்டீஸ். அதைத் தரையில் விரித்தாள். ஆனந்தபாய் ஒரு கை சாளையை அள்ளிப் போட்டாள். போட்ட கை அப்படியே நின்றது. இரண்டு மீனை ஒதுக்கினாள். காகிதத்தில் ஒரு கண் தெரிந்தது. இன்னும் நாலு மீனை ஒதுக்கினாள்.

"எக்க மாதாவே. இது நானாக்கும்!"

அமிர்தா உள்ளிருந்து ஓடிவந்தாள். "அக்கா, அது பிரேசில் படம்."

"பிரேசிலா? இது எனக்க அடுக்களை பிள்ளே. தட்டுல நிக்கிய அலுமினியக் குடத்தப் பாரு, எனக்க அம்ம தந்தது. மீனை ஒதுக்கிப் பாரு, ஒரு பக்கம் நசுங்கி இருக்கும்."

ஆனந்தபாய் ஹெல்மெட்டைக் கழற்றினாள். வேர்த்து நனைந்த தலைமுடி நெற்றியில் ஒட்டியிருந்தது. பெரிய கண்கள், தூக்கமில்லாத இமைகள். போன மழைக்காலம் முழுக்க அமிர்தாவின் கனவில் ஈரத் தரையைத் துடைத்துக்கொண்டிருந்த முகம், இரண்டு வருஷமாகத் தன் வீட்டு வாசலில் நின்று சாளைக்கு விலை பேசியிருக்கிறது. அமிர்தா வாசற்படியில் உட்கார்ந்துவிட்டாள்.

"அப்பம் அந்தச் சடங்கு?" என்று ஈனமாகக் கேட்டாள். "மீன் தலையை மூணு தட்டு..."

"மண்ணு போவத் தட்டியதாக்கும். தட்டாம நீ கறி வெச்சா பல்லுல கடிக்காதா?"

விஷயம் மெல்ல மெல்ல வெளியே வந்தது. ஆனந்தபாயின் அக்கா மகன் ராஜதாஸ் உச்சக்கடையில் கல்யாண வீடியோ ஸ்டுடியோ வைத்திருக்கிறான். மூன்று வருஷத்துக்கு முன் அவனுக்கு ஒரு கிறுக்குப் பிடித்தது. சித்தி வீட்டில் கேமராவோடு வந்து இறங்கி, பதினைந்து நாள் அவளைத் தரை துடைக்க வைத்தான். "ஒரு வாக்கு பேச முப்பது வட்டம் சொல்லவெப்பான். முப்பதாவது வட்டம் சொல்லும்பம், மொதல்ல சொன்னதே கொள்ளாம்னு சொல்லுவான். படம் வந்தா காட்டியேன்னான். பிறவு ஒரு சத்தமும் இல்ல."

"வீடு இப்பமும் அப்படியே இருக்கா அக்கா?"

"எங்க இருக்கும்? போன வருஷம் கடலு எடுத்தோண்டு போச்சு. இப்பம் பள்ளிக்கூடத்துப் பக்கம் வாடகைக்கு." ஆனந்தபாய் சாதாரணமாகச் சொல்லிவிட்டு, காகிதத்தில் இருந்த குடத்தை ஈர விரலால் தொட்டாள். "மக்கா, இதுல அடுக்களை முழுசும் வருமா? ஜன்னலுக்கு இந்தப் பக்கம் அம்மி கிடக்கும். அம்மியும் வருமா?"

"வரும். பதினோரு நிமிஷம் அம்மி மட்டும்தான் வரும்."

"அப்பம் ஞாயித்துக்கெழம நான் வாறேன்" என்று ஆனந்தபாய் ஹெல்மெட்டை மாட்டினாள். அன்றைக்குச் சாளைக்கு அவள் பேரம் பேசவில்லை. அம்மிணி அதைத்தான் ரொம்ப நாள் சொல்லிக்கொண்டிருந்தாள்.

அன்று மத்தியானம் அமிர்தா புகைப்புரைக்குப் போகவில்லை. பஸ் ஏறி உச்சக்கடைக்குப் போனாள். ராஜதாஸ் கம்ப்யூட்டருக்கு முன்னால் இருந்தான். திரையில் ஒரு மணப்பெண் தாமரைக் குளத்தின் நடுவே சுற்றிக்கொண்டிருந்தாள். அவனுக்கு முப்பத்தைந்து வயசு, காதோரம் நரை, ஒரு கையில் கடிக்க மறந்த பழம்பொரி.

"என்ன கல்யாணம்? தேதி என்னைக்கு?" என்றான்.

"கல்யாணம் இல்ல அண்ணா. ஒரு படம். நான் அதைத் திருட்டுத்தனமா பாத்தேன்."

அவள் பஸ்ஸில் ஒத்திகை பார்த்த மன்னிப்பு முழுவதையும் சொல்லி முடித்தாள். ராஜதாஸ் பழம்பொரியைக் கீழே வைத்தான். மணப்பெண் சுற்றிக்கொண்டே இருந்தாள்.

"அதை நான் அழிச்சுட்டேன்" என்றான் கடைசியில். "ரெண்டு கொல்லம் ஆச்சு. சித்திரையில பதினெட்டு கல்யாணம், டிஸ்க்குல இடம் இல்ல. ஆரும் பாக்காத்த படம்தானேன்னு அழிச்சேன்."

"வேற காப்பி?"

"ஏதோ வெளிநாட்டு விழாவுக்கு ஒரு லிங்க் அனுப்பினேன். கொள்ளாம்னோ கொள்ளாதுன்னோ ஒரு வாக்கு வரல்ல." அவன் சட்டென்று நிமிர்ந்தான். "அப்பம் அங்கருந்துதான் எவனோ அடிச்சுமாத்தியிருக்கான்! இல்லியா?"

அமிர்தா தலையாட்டினாள். போலீசுக்குப் போன் போடப்போகிறான் என்று நினைத்தாள்.

"எத்தன பேரு பாத்திருக்காவ?"

"நாற்பத்தோராயிரத்துக்கு மேல."

ராஜதாஸ் மணப்பெண்ணை நிறுத்தினான். "நான் இங்க ஒருக்கா போட்டப்பம் பதினொண்ணு பேரு. அதுல நாலு பேரு எங்க வீட்டு ஆளுவ. ஒருத்தரு ஃபேன் ரிப்பேருக்கு வந்தவரு."

போனில் படத்தைத் திறந்து காட்டினாள். ரம்மி, எண்ணெய், ஏழு வைரஸ், கடைசியில் அடுக்களை. அவன் முகம் பிள்ளை பிறந்த அறையை எட்டிப் பார்ப்பவன் முகம்போல ஆனது. பிறகு சித்தியின் வாயிலிருந்து ஆண் குரல் வந்தது.

"எவன்லே இவன்?" என்று எழுந்தே விட்டான். "திருடினா திருடிட்டுப் போ. இப்பிடி ஒறக்கம் தூங்கிட்டா பேசியது?"

கீழே இருந்த கமெண்டுகளை அவள் மொழிபெயர்த்துப் படித்துக் காட்டினாள். 'மிக மெதுவான படம், தூங்கிவிட்டேன்' என்று ஒருவன் எழுதியிருந்தான். அதை இரண்டு தடவை படிக்கச் சொன்னான். 'இந்தப் பெண் யார்? என் அம்மாவை நினைத்து அழுதேன்' என்று இன்னொருவர். அதை மூன்று தடவை.

அனுமதிக் கடிதத்தை ஸ்டுடியோ லெட்டர்பேடிலேயே எழுதிக் கொடுத்தான். ஞானசம்பந்தம் அதை மறுநாள் வக்கீல் குரலில் உரக்கப் படித்தார்: "'உப்புக்கால்' என்ற எனது படத்தை, என்னிடமிருந்து திருடியவர்களிடமிருந்து திரும்ப எடுத்து, பாறசாலைப் பக்கத்து வாசகசாலையில் காட்ட எனக்கு முழுச் சம்மதம்." கண்ணாடிக்கு மேலாக அமிர்தாவைப் பார்த்தார். "முப்பது கொல்லம் பிராக்டீஸ்ல இப்பிடி ஒரு ஆவணம் நான் கண்டதில்ல." கையெழுத்தை மட்டும் விரலால் தடவிப் பார்த்துவிட்டு ஃபைலில் வைத்தார்.

தளத்திலிருந்து படத்தைப் பிடித்துவைக்கும் வேலையை ராஜதாஸ் ஏற்றுக்கொண்டான். திரையில் ஓடுவதை அப்படியே பதிவுசெய்ததால், பதினைந்து நிமிஷத்துக்கு ஒருமுறை கீழே ஓடும் ரம்மி விளம்பரமும் கூடவே வந்தது. அதை அகற்ற வழியில்லை.

ஞாயிறு மூன்று மணி. உரச்சாக்குகளைக் கிழித்து ஜன்னல்களை மூடினார்கள். திரைக்கு வெள்ளைத் துணி தேடியபோது, அம்மிணியின் கல்யாணத்துக்கு வாங்கிய, ஜரிகைக் கரை போட்ட பாலராமபுரம் கசவு முண்டைவிடப் பெரிய துணி கிடைக்கவில்லை. அம்மிணி கொடுத்தாள். கொடுத்துவிட்டு அதன் காவலுக்கு முதல் வரிசையில் வந்து உட்கார்ந்தாள். ஆணி அடிக்கக்கூடாது, க்ளிப்தான் போடணும், படம் முடிந்த அடுத்த நிமிஷம் மடக்கி எடுத்துவிடுவேன் என்று மூன்று தடவை சொன்னாள்.

நாற்பத்துமூன்று பேர் வந்தார்கள். மீன்காரி நடித்த படம் என்ற செய்தி ஐஸ்பெட்டியோடு ஊரெல்லாம் போயிருந்தது. ஆனந்தபாய் கடைசி வரிசையில், மடியில் ஹெல்மெட்டை வைத்துக்கொண்டு, கோயிலில் உட்காருவதுபோல உட்கார்ந்தாள். ஞானசம்பந்தம் வாசல் பக்கத்து நாற்காலியில் காகிதமும் பேனாவுமாக.

படம் தொடங்கியது. கசவுக்கரைக்குமேலே கடல். பிறகு வீடு. பிறகு அடுக்களை. பிறகு அம்மி.

அம்மி.

ஐந்தாம் நிமிஷம் ஒருவர் செருமினார். ஏழாம் நிமிஷம் இரண்டு பேர் போன் வந்ததுபோல எழுந்து போனார்கள். பதினைந்தாம் நிமிஷம் ரம்மி விளம்பரம் குறுக்கே ஓடியபோது ஏதோ நடக்கிறதே என்று கூட்டம் கைதட்டியது. அரை மணி நேரத்தில் ஆள் முப்பதுக்கு இறங்கியது. அமிர்தா திரையைப் பார்க்கவில்லை, தலைகளை எண்ணிக்கொண்டிருந்தாள். புகைப்புரையில் இவ்வளவு அழகாக இருந்த மௌனம், இங்கே வயிற்றுவலிக்காரன் வீட்டுக்கு வந்த விருந்தாளிபோல நெளிந்தது. பக்கத்து அறையில் கேரம் தொடங்கிவிட்ட சத்தம் கேட்டது.

"சாரே, பேய் எப்பம் வரும்?" என்று இருட்டில் ஒரு குரல்.

"வராதாம்" என்றார் ஞானசம்பந்தம் நேர்மையாக.

அந்தக் குரல் எழுந்து போனது. கூடவே இன்னும் ஒன்பது பேர். இருபது.

திரையில் ராத்திரி. பெண் விளக்கோடு அடுக்களைக்கு வருகிறாள். நாற்பது நிமிஷத்துக்குப் பிறகு முதல்முறையாக வாயைத் திறக்கிறாள். தூக்கக் கலக்கத்தில் அந்த ஆண் குரல் ஏதோ முணுமுணுத்தது. கூட்டம் சிரித்துவிட்டது. ஒரு பெரியவர் செருப்பைத் தேடினார். அவரும் போனால் பத்தொன்பது.

"நிறுத்துலே ராஜு!"

கடைசி வரிசையில் ஆனந்தபாய் எழுந்து நின்றிருந்தாள். "எவன்லே எனக்க வாயில இருந்து பேசியது? எனக்க அடுக்களையில எவனோ ஒரு தடியன் நின்னு பேசியான், நான் பாத்துட்டிருக்கணுமா? சத்தத்த நிறுத்து!"

ராஜதாஸ் சத்தத்தை அணைத்தான். கடலும் அணைந்தது. கூடத்தில் ஃபேன் சுற்றும் ஓசை மட்டும். திரையில் பெண் கதவைப் பார்த்துக்கொண்டு நிற்கிறாள். உதடு அசையப்போகிறது.

டக்.

சுவருக்கு அந்தப் பக்கம், ஸ்ரீஜித்தின் ஸ்ட்ரைக்கர் சிவப்புக் காயைத் தேடிப்போன சத்தம். ஆனால் திரையைப் பார்த்துக்கொண்டிருந்தவர்களுக்கு அது கதவில் விழுந்த தட்டு. முதல் வரிசையில் அம்மிணி "அய்யோ" என்று அலறி, பக்கத்தில் இருந்தவள் தொடையைப் பிடித்தாள். அவள் அலற, அவளுக்குப் பின்னால் இருந்தவர் அலறினார்.

"ஆரது?" என்றாள் ஆனந்தபாய்.

திரையில் உதடுகள் அதே நேரத்தில் அசைந்தன. முப்பது வட்டம் சொன்ன வாக்கு, மூன்று வருஷம் கழித்தும் ஒரு மயிரிழை பிசகவில்லை.

டக், டக்.

"ஆருன்னு கேட்டேன். பேரச் சொல்லு."

அதற்குப்பின் ஒரு செருப்பும் அசையவில்லை. செருப்பைத் தேடிய பெரியவர்கூடக் கையில் ஒன்றோடு அப்படியே நின்றார். ஆனந்தபாய் இருட்டில் நின்றுகொண்டே பேசினாள். திரையில் இருந்தவளுக்கு வசனம் இல்லாத இடங்களில் கூட்டத்துக்காகச் சொன்னாள்: "இப்பம் பாருங்க, குடத்துக்குப் பின்னால. ம்ம், அங்கதான்." எல்லோரும் குடத்துக்குப் பின்னால் பார்த்தார்கள். அங்கே ஒன்றும் இல்லை. அதுதான் பயமாக இருந்தது. அலறல் கேட்டு என்னவோ ஏதோ என்று ஓடிவந்த ஸ்ரீஜித்தும் கூட்டாளிகளும் வாசலில் நெருக்கியடித்து நின்றார்கள், விரல்களில் பவுடரோடு.

கடைசிக் காட்சி. கால்தடங்கள் அடுக்களையைத் தாண்டி உள்ளறை வாசல்வரை வந்துவிட்டன. பெண் எழுந்துபோய்க் கதவைத் திறக்கிறாள். வெளியே கடல், வாசற்படியில் நுரை. அவள் ஒன்றும் பேசாமல் நிற்கிறாள். இந்த மௌனத்தை அமிர்தா பதினான்கு முறை பார்த்திருக்கிறாள். ஒரு கண்டமே பேசாமல் நிற்பதாகத் தன் டைரியில் எழுதியும் வைத்திருக்கிறாள்.

"வந்துட்டியா" என்றாள் ஆனந்தபாய். "செரி, வா. கால கழுவிட்டுக் கேறு. இப்பம்தான் தொடச்சேன்."

ராஜதாஸ் திடுக்கிட்டுத் திரும்பினான். "சித்தி, அது படத்துல இல்ல!"

"நீ விட்டாத்தானே சொல்ல முடியும்? அன்னைக்கே வாயில வந்துச்சு. பேசாம நில்லுன்னு நீதான் பிடிவாதம் பிடிச்ச."

ஒருவர் சிரித்தார். அந்தச் சிரிப்பு பாதியில் நின்றுபோனது. திரையில் அலை வந்து படியில் ஏறியது. ஆனந்தபாயின் வீட்டுப் படி. திரை கறுத்தது.

அமிர்தா வழக்கம்போலப் பக்கத்தில் திரும்பினாள். இருட்டில் ஒரு முகம் இருந்தது. அம்மா எப்போது இந்தப் பக்கம் நகர்ந்து வந்தாளோ தெரியவில்லை.

"பிறவு?" என்றாள் அம்மிணி. "அவன் கால் கழுவினானா இல்லியா?"

"அதைக் காட்ட மாட்டாங்க அம்மா."

"காட்டாட்டி? கழுவியிருப்பான்னு நான் நினைக்கேன்."

"எங்க கழுவுவான்? கழுவிய குணம் உண்டும்னா இத்தன நாளு தரையில உப்புக்காலோட சவிட்டுவானா?" என்றாள் பின்வரிசைக்காரி. செருப்பும் கையுமாக இருந்தவர், செத்தவனுக்குக் கால் உண்டா என்ற அடிப்படைக் கேள்வியைக் கிளப்பினார். உரச்சாக்குகளை விலக்கி வெளிச்சம் வந்தபோது, நாலு பேர் சண்டைபோட்டுக்கொண்டிருந்தார்கள். அமிர்தா வாய் பிளந்து கேட்டுக்கொண்டிருந்தாள்.

"இருங்க, எழும்பாதீங்க" என்று ஞானசம்பந்தம் எழுந்தார். பேனாவை நீட்டி ஒவ்வொரு தலையாக எண்ணினார். ராஜதாஸ் படம் ஓட்டியவன், விலக்கு. அமிர்தா மனுதாரர், விலக்கு. வாசலில் நின்ற கேரம்காரர்கள் பாதியில் வந்தவர்கள், விலக்கு. செருப்புக்காரர் நின்றாலும் வெளியே போகவில்லை, சேர்த்தி. "பத்தொன்பது" என்றார். மறுபடி எண்ணினார். "ஆனந்தபாயைச் சேர்த்தா இருபது."

"அவிய படத்துல உள்ள ஆளு சார்" என்றான் ஸ்ரீஜித். "அவியள எப்படிக் கூட்டியது?"

ஞானசம்பந்தம் முப்பது வருஷச் சட்ட அறிவை நெற்றியில் சுருக்கினார். "நியாயமான கேள்வி. ஆனந்தபாய், நீங்க நடிச்ச ஆளா, பாத்த ஆளா?"

"நடிச்சது மூணு கொல்லம் முந்தி. இன்னைக்கு எனக்க அடுக்களையப் பாக்க வந்தேன். மொதல்ல வந்து இருந்ததும் நானாக்கும், கடைசியில எழும்பியதும் நானாக்கும்."

"ஆனா படம் நடக்கும்பம் பேசிட்டே இருந்தியளே?"

"பேசாம படம் பாக்கிய ஆளு இந்த ஊருல ஆரு சாரே உண்டு?"

ஞானசம்பந்தம் காகிதத்தைச் சுவரோடு வைத்து அழுத்தினார். பிறகு இருபது என்று எழுதி, கீழே கையெழுத்துப் போட்டார்.

அமிர்தாவுக்குக் கத்தவேண்டும்போல இருந்தது. ஆனால் யாரும் அவளைக் கவனிக்கவில்லை. அவன் கால் கழுவினானா என்ற வழக்கு வாசற்படிவரை போயிருந்தது. அம்மிணி எழுந்து, சொன்னபடியே முண்டின் முதல் க்ளிப்பைக் கழற்றினாள்.

"சேச்சி" என்று ஸ்ரீஜித் பக்கத்தில் வந்து நின்றான். குரல் தணிந்திருந்தது. "மொதல்ல இருந்து ஒருக்கா போடுவியளா? நாங்க பாதியிலல்லா வந்தோம். அந்தக் குடத்துக்க காரியம் ஒண்ணும் மனசிலாவல்ல."

"பதினோரு நிமிஷம் அம்மி வரும்" என்று எச்சரித்தாள் அமிர்தா.

"வரட்டும்."

ஆனந்தபாய் ஏற்கெனவே உட்கார்ந்துவிட்டாள், இந்த முறை முதல் வரிசையில், அம்மிக்கு நேர் எதிரே. ராஜதாஸ் அமிர்தாவைப் பார்த்தான். அமிர்தா அம்மாவைப் பார்த்தாள். அம்மிணி கையில் இருந்த க்ளிப்பை ஒருமுறை பார்த்தாள், முண்டைப் பார்த்தாள், இன்னும் வெயில் இறங்காத வாசலைப் பார்த்தாள்.

"அவன் கழுவினானான்னு இந்த வட்டம் நான் கண்ணு எடுக்காம சூட்சிச்சுப் பாக்கேன்" என்று சொல்லிவிட்டு, கழற்றிய க்ளிப்பைத் திரும்ப மாட்டி, ஆனந்தபாய்க்குப் பக்கத்தில் போய் உட்கார்ந்தாள்.